பிள்ளைக்குப் போட்ட குரவை

ஆச்சிப்பிள்ளை மாமி குரவை போட வாயைத் திறந்ததுதான் தாமதம், பந்தலின் பின்வரிசையில் இருந்து நாலைந்து பொடியன்கள், "ஐயோ, பேய் வருது!" என்று கத்தினார்கள். ஒருத்தன் போனை உயர்த்திப் பிடித்து எதையோ சத்தமாகப் போட்டும் விட்டான். அடிவயிற்றிலிருந்து வருகிற மாதிரி ஒரு ஊளை, கலியாண வீடு முழுக்கக் கேட்டது. மாப்பிள்ளை வாசலில் கால் கழுவக் காத்து நிற்கிறார், நிறைகுடமும் விளக்கும் தயார், குரவை மட்டும் வரவில்லை. மாமி திறந்த வாயை மூடி, சேலைத் தலைப்பால் பொத்திக்கொண்டு பின்னால் போய்விட்டார். வேறு யாரோ ஒரு பெண் அரைகுறையாக இரண்டு தரம் இழுத்து ஒருமாதிரிக் காரியத்தை ஒப்பேற்றினாள்.

கொக்கட்டிச்சோலையில் மாமியின் குரவை இல்லாமல் ஒரு நல்ல காரியம் நடந்ததாக அவருடைய அண்ணன் மகள் ஆர்த்திகாவுக்கு நினைவில்லை. கலியாணம், பிள்ளைப்பேறு, அம்மன் சடங்கு, எதுவென்றாலும் "ஆச்சிப்பிள்ளையக் கூப்பிடுங்க" என்பார்கள். நாக்கை அங்கும் இங்கும் ஆட்டி அவர் ஒரு தரம் தொடங்கினால், வயல் வட்டைக்கு அந்தப் பக்கம் வரம்பில் நிற்கிறவனுக்கும் யார் வீட்டிலோ நல்ல காரியம் என்று விளங்கிவிடும். அதில் மாமிக்குக் கொஞ்சம் தலைக்கனமும் உண்டு. இருக்கட்டுமே, அப்படி ஒரு குரல் இருந்தால் யாருக்குத்தான் இருக்காது?

ஆர்த்திகா அந்தப் பொடியன்களை நாலு வார்த்தை கேட்கத்தான் எழும்பினாள். எழும்பியவள் நின்ற இடத்திலேயே நின்றுவிட்டாள். போனில் கேட்ட ஊளையின் கடைசியில் ஒரு சின்னக் கிலுக்கு. கண்ணாடி வளையல்கள் ஒன்றோடொன்று தட்டுகிற சத்தம். அது மாமியின் வளையல். அதைப் பதிவு செய்தவளே அவள்தான்.

வீட்டுக்கு வந்ததும் மாமியின் மகள் தக்ஷாயினி தன் போனை நீட்டினாள். அவளுக்கு இந்த மாதக் கடைசியில் கலியாணம்.

"மச்சாள், இது நீங்க மியூசிக் போட்ட கேம்தானே?"

கேம்தான். 'கண்டல்' என்று பெயர். முழுசாக வெளிவர இன்னும் சில வாரம் இருக்க, மாதிரிக்கு ஒரு துண்டை வெளியில் விட்டிருக்கிறார்கள். எங்கோ ஒரு நாட்டில் காதில் கருவி மாட்டிய ஒரு பையன் அதை விளையாடுகிறான். திரையில் வாவிக்கரை, இருட்டு, கண்டல் மரங்கள். மரங்களுக்குள் இருந்து தலைவிரி கோலமாக ஒரு பேய் பாய்கிறது. பாயும்போது மாமியின் குரவை, மெதுவாக்கி, சுருதியை இறக்கி, ஊளையாக. பையன் கதிரையோடு மல்லாக்க விழுகிறான், பிறகு விழுந்து விழுந்து சிரிக்கிறான். அந்த வீடியோ ஊர் உலகமெல்லாம் சுற்றி, கடைசியில் கொக்கட்டிச்சோலைப் பொடியன்களின் போனுக்கும் வந்து சேர்ந்திருக்கிறது. ஆர்த்திகாவுக்குக் காது இரண்டும் சுட்டது. போனைத் தூக்கிச் சுவரில் அடிக்க வந்தது. தக்ஷாயினியின் போன் என்பதால் விட்டாள்.

வீடியோ கேமுக்கு இசை அமைப்பதுதான் ஆர்த்திகாவின் தொழில். ஊரில் இதைச் சொன்னால், கேமுக்கு எதுக்குப் பாட்டு என்று கேட்பார்கள். அது பாட்டில்லை என்று விளக்கி விளக்கியே அவளுக்கு வாய் வலித்துவிட்டது. சண்டை பிடிக்கிற கேமும் இல்லை இது. கதை சொல்கிற கேம். விளையாடுகிறவர் அந்தக் கதைக்குள் நடந்து போவார், ஆட்களோடு கதைப்பார், வழி கேட்பார். அவர் எங்கே நிற்பார், எவ்வளவு நேரம் நிற்பார் என்று இசை அமைப்பவருக்குத் தெரியாது. ஆகவே இசையை அடுக்கடுக்காகச் செய்துவைக்க வேண்டும். சும்மா நின்றால் ஓர் அடுக்கு, நடந்தால் அதன் மேல் இன்னொன்று, மழை வந்தால் வேறொன்று. தொடக்கமும் முடிவும் தெரியாமல் அது சுற்றிக்கொண்டே இருக்க வேண்டும், ஆனால் சலிக்கக் கூடாது. ஆர்த்திகா நெல்லுச் சூடு மிதிக்கும் மெஷினின் இரைச்சலை நீட்டி ஒரு ரீங்காரம் செய்திருந்தாள். தோணியைத் தள்ளுகிற தாங்குகம்பு உரசுகிற சத்தத்தைத் தாளமாக்கியிருந்தாள். மட்டக்களப்பு என்றதும் எல்லோருக்கும் பாடும் மீன் கதைதான் நினைவு வரும், வாவிக்குள் மீன் பாட வேண்டும். கேமைச் செய்கிற நிதுர்ஷனும் முதல் நாள் அதைத்தான் கேட்டான். மீனைத் தவிர வேறு எதையும் கேளுங்கள் என்று சொல்லிவிட்டாள்.

கதை இதுதான். ஒருத்தி வாவிக்கரை வழியே நடந்து தன் தங்கச்சி வீட்டுக்குப் போகிறாள். தங்கச்சி நிறைமாதம். போகிற வழியில் அவள் சந்திக்கிற ஆட்கள், கேட்கிற கதைகள், அதுதான் கேம். கடைசியில் வீட்டுக்குப் போய்ச் சேருகிறாள், பிள்ளை பிறக்கிறது. ஆர்த்திகா அந்த இடத்துக்காக ஒன்று செய்தாள். கேம் முழுவதும் ஒரு மனிதக் குரலைக்கூட இசைக்குள் விடவில்லை. மெஷின், தண்ணி, மரம், காற்று, இவ்வளவுதான். பிள்ளை பிறந்ததும் முதல் தடவையாக ஒரு மனிதக் குரல் கேட்க வேண்டும். அது மாமியின் குரவையாக இருக்க வேண்டும். இப்போது அந்தக் குரலை எடுத்து கேமின் வாசலிலேயே தூக்கிப் போட்டு, அதுவும் பேயின் வாய்க்குள் திணித்துவிட்டார்கள்.

பதிவு செய்த அன்று மாமி லேசில் வாயைத் திறக்கவில்லை.

"சும்மா எப்பிடிப் புள்ள குரவை போடுற? ஆருக்குப் பிள்ளை பிறந்திரிக்கு?"

"கேமில ஒருத்திக்கு, மாமி."

"ஆம்பிளப் பிள்ளையா, பொம்பிளப் பிள்ளையா?"

அதை ஆர்த்திகா யோசித்திருக்கவில்லை. "பொம்பிளப் பிள்ளை" என்றாள்.

"அப்ப இன்னும் பெரிசாப் போடுவம். ஆம்பிளக்கி மட்டும்தான் போடுற எண்டு இஞ்ச கனபேர் நினைச்சிக்கிட்டு இரிக்காளுகள்" என்று சொல்லி மாமி எழும்பி முற்றத்தில் நின்று போட்டார். பக்கத்து வளவுப் பெண்கள் வேலிக்கு ஓடி வந்து என்ன விசேஷம் என்று கேட்டார்கள்.

அந்த மாமி இப்போது அடுப்படியில் முதுகைக் காட்டிக்கொண்டு இருந்தார். வீடியோவைத் தக்ஷாயினி அவருக்கும் காட்டிவிட்டாள்.

"மாமி" என்றாள் ஆர்த்திகா.

"தக்ஷாட கலியாணத்துக்கு வேற ஆரையும் குரவைக்குச் சொல்லு புள்ள. நான் போடமாட்டன்."

"சொந்த மகள்ட கலியாணம் மாமி!"

"அதுக்குத்தான் சொல்லுறன். நான் வாயத் திறக்க, ஒருத்தன் பேய் எண்டு கத்த, என்ட மகள் அதுக்குள்ளால மணவறைக்குப் போறதா?" மாமி திரும்பினார். கண் கலங்கியிருக்கவில்லை, சிவந்திருந்தது. "ஒண்டு கேக்கன். நான் போட்டது பிள்ளைக்குத்தானே? அந்தப் பிள்ளை எங்க?"

நிதுர்ஷனிடம் போக ஆர்த்திகா ஸ்கூட்டியை எடுத்தாள்.

மண்முனைப் பாலத்தில் வாவிக்காற்று முகத்தில் அடித்தது. வழி நெடுகத் தலைக்கவசத்துக்குள் வாய்விட்டுத் திட்டிக்கொண்டே போனாள். வெள்ளைக்காரன் யாராவது செய்திருந்தால் அறியாமை என்று விடலாம். கொழும்பில் இருப்பவன் செய்திருந்தாலும் போகட்டும் என்று விடலாம். நிதுர்ஷன் பக்கத்து ஊர் முதலைக்குடாவில் பிறந்தவன். அவனுடைய அக்காவின் கலியாணத்தில் ஆர்த்திகாவே சாப்பிட்டிருக்கிறாள், அங்கே போட்ட குரவையைக் காதால் கேட்டிருக்கிறாள்.

கல்லடியில் ஒரு வீட்டின் மாடிதான் நிதுர்ஷனின் அலுவலகம். குளிரூட்டியைப் போட்டுவிட்டு, பெரிய திரைக்கு முன்னால் ஜம்மென்று இருந்தான். அவளைக் கண்டதும் முகமெல்லாம் பல்.

"வாங்க ஆர்த்திகா! பாத்தீங்களா, எத்தின பேர் பாத்திரிக்காங்க எண்டு?"

வழமையாக அவனை அண்ணா என்றுதான் கூப்பிடுவாள். இன்றைக்கு அந்தச் சொல் வாயில் வரவில்லை.

"அது பேயில்ல. குரவை. உங்களுக்குத் தெரியாதா?"

"தெரியாம என்ன? எங்கட வீட்டிலயும் போடுறதுதானே." அவன் சிரித்தான். "நமக்குத் தெரியும். வெளியில இரிக்கிறவனுக்குத் தெரியாதே. கேட்ட உடன பயந்து சாகிறான். அதுதான் வேணும். கொஞ்சம் மெதுவாக்கி, சுருதிய இறக்கினன், அவ்வளவுதான். மெய்யாச் சொல்லுறன், கேமிலயே நல்ல சத்தம் அதுதான்."

தெரியாமல் செய்யவில்லை. தெரிந்து, எடைபோட்டு, நம் ஆட்களின் சந்தோஷம் வெளியாருக்குப் பயமாகக் கேட்கிறது என்று கணக்குப் பார்த்துச் செய்திருக்கிறான்.

"பிள்ளை பிறக்கிற இடம் என்ன ஆச்சு?"

"அத எடுத்திட்டம். கேமை விக்கிற ஆக்கள் பேய்க்கதையா மாத்தச் சொல்லிட்டாங்க. பேய்க்கதைக்குள்ள பிள்ளைப்பேறு எதுக்கு? அந்தத் தங்கச்சிதான் இப்ப பேய்."

"அது எப்ப நடந்த? எனக்கு ஏன் சொல்லல்ல?"

"சொன்னா நீங்க இப்பிடித்தான் வந்து நிப்பீங்க எண்டு தெரியும்." அவன் கதிரையை ஆட்டினான். "ஒப்பந்தப்படி நீங்க தந்த சத்தத்த நாங்க எப்பிடியும் பாவிக்கலாம். சரி, கோவிக்காதீங்க. மாமிட பேரைப் போடுவம். கடைசியில எல்லார்ட பேரும் வரக்குள்ள, 'பேய்க்குரல்: ஆச்சிப்பிள்ளை' எண்டு. சந்தோஷப்படுவாதானே?"

இதைக் கேலியாகச் சொல்லியிருந்தால்கூட ஆர்த்திகா தாங்கியிருப்பாள். அவன் மனதாரச் சொன்னான். மாமிக்குப் பெரிய மரியாதை செய்கிறதாக அவனுக்கு நினைப்பு.

"அந்தச் சத்தத்த எடுங்க. எடுக்காட்டி கடைசிப் பகுதிக்கான இசைய நான் தரமாட்டன்."

"தராட்டிப் பரவாயில்ல. இப்ப ஏஐ இரிக்கு. 'வாவி, இருட்டு, சோகம்' எண்டு எழுதினா நிமிசத்தில கொண்டுவந்து கொட்டுது." கோபமில்லாமல்தான் சொன்னான். அதுதான் அவளை இன்னும் எரித்தது. இரண்டு மழைக்காலம் வட்டையிலும் வாவிக்கரையிலும் குடைக்குள் மைக்கைப் பிடித்துக்கொண்டு நின்றவளுக்கு மூன்று சொல்லில் விலை முடித்துவிட்டான்.

ஆர்த்திகா போனை எடுத்தாள்.

"உங்கட அம்மாட நம்பர் என்னட்ட இரிக்கு."

"அம்மாவா? எதுக்கு?"

"உங்கட மனிசிக்கு வயித்தில பிள்ளைதானே? பிறந்த உடன குரவை போடப்போறது உங்கட அம்மா. அதுக்கு முதல் அவங்க இந்த வீடியோவப் பாக்கட்டும். பிள்ளைக்குப் போட்ட குரவைய எடுத்துப் பேயிட வாயில வச்சது வேற ஆருமில்ல, உங்கட மகன்தான் எண்டு நானே சொல்லுறன். பிள்ளை பிறக்கிற இடத்த வெட்டி எறிஞ்சதையும் சொல்லுறன்."

கதிரை ஆட்டம் நின்றது. ஒப்பந்தம் என்றவன், ஏஐ என்றவன், குளிரூட்டிக்குள் வேர்த்துப் போனான். கேம் செய்கிறவனாக இருக்கலாம், முதலைக்குடாக்காரன் முதலைக்குடாக்காரன்தானே. தாய்க்காரி தலையில் கைவைத்துக்கொண்டு அமங்கலம், அமங்கலம் என்று கோயில் கோயிலாக ஏறி இறங்குவதும், மனைவி அழுவதும் அவன் கண்ணுக்கு முன்னால் வந்துவிட்டது போலிருந்தது.

"அம்மாவ இதுக்குள்ள இழுக்காதீங்க ஆர்த்திகா. இது நல்லாயில்ல."

"மாமிய இழுத்தது ஆர்?"

அவன் திரைப்பக்கம் திரும்பினான். அவள் பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டிருக்கவே குரவையை எடுத்தான். வெளியில் விட்ட துண்டையும் மாற்றினான். பேய் இப்போது ஊமையாகப் பாய்ந்தது.

"ஆக்கள் எடுத்துப் போட்ட வீடியோவ என்னால ஒண்டும் செய்யேலாது" என்றான். "இனி நீங்க எங்களோட வேலை செய்யவும் தேவையில்ல."

"நான் நிப்பன் எண்டு ஆர் சொன்ன?" என்று கேட்டுவிட்டு ஆர்த்திகா படியிறங்கினாள்.

செய்துமுடித்த மற்ற இசையெல்லாம் அவனிடம்தான் கிடந்தது. அவளுடைய மெஷின் ரீங்காரத்துக்கு மேலே அந்த ஊமைப்பேய் பாயத்தான் போகிறது. அதைப் பற்றி யோசிக்க அவளுக்கு அப்போது நேரமில்லை. மாமியிடம் சொல்ல வேண்டும், எடுத்தாயிற்று என்று. போகும்போது இருந்ததைவிட வேகமாக ஸ்கூட்டியை ஓட்டினாள்.

மாமி முற்றத்தில் கலியாணத்துக்கான பலகார மாவை அரித்துக்கொண்டு இருந்தார். முழுவதையும் கேட்டார். பிள்ளை பிறக்கிற இடத்தை வெட்டியதைச் சொன்னபோது கை நின்றது.

"அப்ப அந்தப் பிள்ளையும் இல்ல."

"இல்ல, மாமி. ஆனா உங்கட குரல எடுக்க வச்சிட்டன். நல்லாக் குடுத்திட்டு வந்திரிக்கன் அவனுக்கு. ஆள் நடுங்கிப் போனான்."

மாமி அவளைப் பார்த்தார். பாராட்டு வரும் என்று ஆர்த்திகா நின்றாள்.

"அவன் ஆரோ" என்றார் மாமி. "அவன எனக்கு முன்னப் பின்னத் தெரியாது. என்ட வாய்க்கு முன்னால மைக்க வச்சது ஆர்? பிள்ளைக்கு எண்டு சொன்னது ஆர்? நீதானே. அவனட்ட என்ட குரலக் குடுத்ததும் நீதானே. அவனோட சண்ட பிடிச்சிட்டு வந்து என்னட்டப் பெருமை பேசுறியா?"

ஆர்த்திகாவுக்கு ஓங்கி ஓர் அறை விழுந்த மாதிரி இருந்தது. 'நான் வேண்டுமென்றா செய்தேன்' என்று கத்த வந்தது. நாள் முழுக்க எல்லோரிலும் பாய்ந்தவளுக்கு இந்த இடத்தில் பாய வழியில்லை. மாமி சொன்னதில் ஒரு சொல் பிழையில்லை.

"இன்னும் உன்னட்ட இரிக்கா அது?"

"இரிக்கு. முதல் பதிவு."

"அழி. எனக்கு முன்னால."

ஆர்த்திகா மடிக்கணினியைக் கொண்டுவந்து முற்றத்தில் வைத்தாள். அவள் செய்த பதிவுகளிலேயே அதைப் போல ஒன்று இல்லை. வேலிக்கு ஓடிவந்த பெண்களின் குரல், மாமி மூச்சு வாங்குவது, எல்லாம் அதில் இருந்தது. ஒரு தரம் கேட்டுவிட்டு அழிக்கவா என்று கேட்க நினைத்தாள். மாமியின் முகத்தைப் பார்த்துவிட்டுக் கேட்கவில்லை. அழித்தாள். குப்பைத்தொட்டிக்குள் கிடந்ததையும் அழித்தாள். தனி வன்தட்டில் கிடந்த பிரதியையும் கொண்டுவந்து காட்டி அழித்தாள்.

"இப்ப சரி" என்றார் மாமி. "தக்ஷாட கலியாணத்துக்கு நான் போடுறன். ஆனா ஒருத்தன்ட போனுக்குள்ளயும் அது போகப்படா. உன்ட பொறுப்பு."

கலியாணத்தன்று ஆர்த்திகா வந்த எல்லோரிடமும் பல்லைக் காட்டிச் சொல்லிப் பார்த்தாள். மாப்பிள்ளை இறங்குகிற நேரத்தில் மட்டும் போனைப் பைக்குள் வையுங்கள், குரவை முடிந்ததும் எடுங்கள். எல்லோரும் ஓம் ஓம் என்று தலையாட்டினார்கள். மாப்பிள்ளையின் கார் வாசலில் நின்றதும் ஓம் சொன்ன அத்தனை கையும் போனோடு மேலே போயிற்று. மாமி நிறைகுடத்துக்குப் பக்கத்தில் நின்றார். வாய் இறுக மூடியிருந்தது. மாப்பிள்ளையின் காலைக் கழுவச் செம்போடு குனிந்த தக்ஷாயினியின் தம்பி நிமிர்ந்து பார்த்தான். ஐயர், முகூர்த்தம் போகுது என்றார்.

ஆர்த்திகாவுக்கு வந்ததே ஒரு கோபம். பட்டுச்சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு கூட்டத்துக்குள் இறங்கினாள்.

"போனக் கீழ போடுங்க! உங்களத்தான்! சித்தப்பா, நீங்களும்தான்! பைக்குள்ள வைங்க, கையில வச்சிக்கிட்டு நிக்கப்படா!"

"என்ன இது, கலியாண வீடா, செக்பொயின்டா?" என்று மாப்பிள்ளையின் மாமா ஒருவர் துள்ளினார்.

"செக்பொயின்ட் எண்டே வைங்க. வைக்காட்டி மாப்பிள்ள வாசல்லயே நிப்பார்."

மாமா மாப்பிள்ளையைப் பார்த்தார். வெயிலில் தலைப்பாகையோடு நின்ற மாப்பிள்ளை, "மாமா, உள்ளுக்கு வைங்களன்" என்று கெஞ்சினான். மாமா முணுமுணுத்தபடி வைத்தார். அவர் வைக்க, மற்றவர்களும் வைத்தார்கள். பின்வரிசைப் பொடியன்களிடம் ஆர்த்திகா கையை நீட்டி, வாங்கி, தன் மடியில் கட்டிக்கொண்டாள்.

மிஞ்சியது வீடியோக்காரர் றிஸ்வி. காத்தான்குடிக்காரர், அண்ணன் முறையில் எல்லோரும் 'நானா' என்று கூப்பிடுகிற நல்ல மனிதர், கமராவை அணைக்க மட்டும் மாட்டேன் என்றார்.

"தங்கச்சி, மாப்பிள்ள இறங்குறத எடுக்காட்டி நாளைக்கு எனக்குத்தான் ஏச்சு."

"படத்த எடுங்க நானா. சத்தம் வேணாம்." அவளே மைக்கின் வயரைக் கழற்றினாள். கமராவுக்குள் இன்னொரு மைக் இருப்பது அவளுக்குத் தெரியும். அதையும் அடிமட்டத்துக்கு இறக்கி, திரையில் சத்தத்தின் அளவைக் காட்டும் கோடு அசையாமல் கிடக்கிறதா என்று பார்த்தாள். பிறகு திரும்பி மாமியைப் பார்த்துத் தலையாட்டினாள்.

மாமி வாயைத் திறந்தார்.

இது முற்றத்தில் அன்று பதிவுக்குப் போட்டதைப் போல இல்லை. அது யாரோ ஒருத்தியின் பிள்ளைக்குப் போட்டது. இது சொந்த மகளுக்கு, அதுவும் போடமாட்டேன் என்று இருந்து போடுவது. தொடங்கும்போதே உச்சத்தில் தொடங்கி, கீழே இறங்காமல் அங்கேயே நின்றது. பெண்கள் ஒருவர் பின் ஒருவராகச் சேர்ந்துகொண்டார்கள். பொடியன்கள் மூச்சு விடவில்லை. விட்டிருந்தால் ஆர்த்திகா கன்னத்தைப் பொத்தி அடித்திருப்பாள். அவளுடைய காது பழக்கதோஷத்தில், எந்த இடத்தில் வெட்டலாம், எந்த இடத்தில் ஒட்டிச் சுற்றவிடலாம் என்று பார்க்கத் தொடங்கியது. சனியனே, சும்மா இரு என்று அதையும் திட்டினாள். பிறகு வெறுமனே கேட்டாள்.

கிழமை ஒன்று கழித்து றிஸ்வி வீடியோவோடு வந்தார். எல்லாம் நன்றாக வந்திருந்தது. கால் கழுவுகிற இடத்தில் மட்டும் நிறுத்தினார். திரையில் மாமி வாயைத் திறந்து நிற்கிறார், நாக்கு ஆடுகிறது, கழுத்து நரம்பு புடைத்திருக்கிறது, ஒரு சத்தமும் இல்லை.

"இந்த இடம் ஒரு மாதிரி வெறிச்சோடிப் போய் இரிக்கு தங்கச்சி. பாக்கிற ஆக்கள் பழுதாப் போச்செண்டு நினைப்பாங்க. நீங்க இந்த வேலை செய்யிற ஆள்தானே, கீழால மெல்லிசா ஒரு மியூசிக் அடிச்சுத் தாங்களன். நிரப்பிருவம்."

"நிரப்பாதீங்க."

"சும்மா ஒரு புல்லாங்குழலாவது..."

"நானா, அந்த இடத்தில ஒரு பொட்டுச் சத்தம் போட்டீங்களெண்டா, உங்கட கமராவக் கொண்டுபோய் வாவிக்குள்ள எறிவன்."

றிஸ்வி சிரித்தார். ஆர்த்திகா சிரிக்கவில்லை என்பதைக் கண்டதும் சிரிப்பை நிறுத்திவிட்டு, வீடியோவை அப்படியே ஓடவிட்டார்.